முதல் சரியை நம்பாதவர்

அவர் கைப்பையில் பேனாவும் இருந்தது, பென்சிலும் இருந்தது. பேனாவை அவர் வெளியே எடுத்து நான் பார்த்தது ஒரே ஒரு முறைதான். நாம் எதற்காவது ‘சரி’ என்று சொன்னால், பென்சிலால் சின்னதாக எழுதிக்கொள்வார். எழுதிவிட்டுத் தலையைத் தூக்கி நம் முகத்தைப் பார்ப்பார். ஐந்நூறு ரூபாய்த் தாளைக் கடைக்காரர் வெளிச்சத்தில் பிடித்துப் பார்ப்பாரே, அந்தப் பார்வை. சரி என்று சொன்னதற்குப் போய் ஒருவர் இப்படிச் சந்தேகப்படுவாரா என்று எனக்கு இருக்கும். பதிலுக்கு நானும் அவரைச் சந்தேகப்பட்டேன். இத்தனை வருஷம் கழித்து அவரை நினைத்தாலும் பாசமும் சந்தேகமும் சேர்ந்தேதான் வருகின்றன.

டெல்லியில் கரோல் பாக் பக்கம் காசநோய்க்கு மாத்திரை தரும் மையம் ஒன்றில்தான் அவரைப் பார்த்தேன். அங்கே எல்லோரும் அவரை தீதி என்று கூப்பிடுவார்கள். இந்தியில் அக்கா. ஆனால் அவர் தமிழ்க்காரர். மோதி பாக்கில் அரசாங்கக் குடியிருப்பில் பிறந்து வளர்ந்தவர். நான் அவரை எந்தப் பெயரிலும் கூப்பிட்டதில்லை. யாரையும் நானாகக் கூப்பிட்டுப் பேசி எனக்குப் பழக்கமில்லை. அவராக என் பக்கம் திரும்பும்வரை நின்றுகொண்டிருப்பேன்.

எங்கள் வீடு திரிலோக்புரியில். என் வீட்டுக்காரர் ஓர் அலுவலகத்தில் கார் ஓட்டுகிறார். நான் இட்லி மாவு ஆட்டி மயூர் விஹாரில் ஒரு ஃப்ளாட் வரிசைக்குக் கொடுக்கிறேன். பெரும்பாலும் தமிழ் வீடுகள். அந்த மாவுதான் எங்கள் குடும்பத்தை நிமிர்த்தி வைத்திருக்கிறது. எனக்குக் காசநோய் என்று தெரிந்த அன்று உயிரைப் பற்றி நினைப்பதற்கு முன்னால் மாவைப் பற்றித்தான் நினைத்தேன். ஊருக்குப் போகிறேன் என்று எல்லா வீட்டிலும் சொல்லிவிட்டு, மாத்திரை வாங்கப் போவதைத் தவிர இரண்டு மாதத்துக்கு மேல் கதவைச் சாத்திக்கொண்டு வீட்டுக்குள்ளேயே கிடந்தேன். இனி யாருக்கும் ஒட்டாது, வேலை செய்யலாம் என்று டாக்டர் சொன்ன பிறகுதான் கிரைண்டரைத் தொட்டேன். மாவு வழியாக இது பரவவே பரவாது என்றும் அவர் சொன்னார். டாக்டருக்குத் தெரியும், எனக்கும் தெரிந்தது. நாலாவது மாடி மாமிக்குத் தெரிய வேண்டுமே.

அதனால்தான் பக்கத்து மையத்தை விட்டுவிட்டு, தெரிந்த டாக்டர் ஒருவர் மூலமாக, மெட்ரோ ஏறி அவ்வளவு தூரம் போய் மாத்திரை வாங்கினேன். துப்பட்டாவால் முகத்தைச் சுற்றிக்கொண்டு போவேன். இந்திக்காரர்கள் பார்த்தால் பயமில்லை. ஒரு தமிழ் ஆள் பார்த்தால் போதும், பேச்சு மயூர் விஹார் கோவில் வாசல்வரை வந்துவிடும்.

முதல் நாள் வரிசையில் எனக்குப் பின்னாலிருந்து, “ஊர் எதுங்க?” என்று ஒரு குரல் கேட்டது. திரும்பிப் பார்த்து, எனக்குத் தமிழ் தெரியாது என்று இந்தியில் சொன்னேன். என் இந்தியைக் கேட்ட எவரும் அதை நம்பமாட்டார்கள். அந்த ‘நஹி’யிலேயே விழுப்புரம் தெரியும். தீதிதான். “அச்சா” என்றார். அவ்வளவுதான். அதற்குப் பிறகு ஒரு மாதம் என்னிடம் இந்தியில் மட்டுமே பேசினார். நான் பாதி புரியாமல் தலையாட்டுவேன். ஒரு நாள் நானே பொறுக்க முடியாமல், “ராத்திரியில வேர்க்குதுங்க, எதனாலன்னு கேட்டுச் சொல்றீங்களா?” என்று தமிழில் கேட்டுவிட்டேன். அவர் சிரிக்கக்கூட இல்லை. நான் அதுவரை தமிழ் பேசாதவள் என்பதே நினைவில்லாத மாதிரி தமிழில் பதில் சொன்னார்.

இவ்வளவு நாசூக்கான ஒருவருக்கு நம்மிடமிருந்து என்னவோ வேண்டியிருக்கிறது என்றுதான் எனக்குத் தோன்றியது. வேண்டியிருக்கத்தான் செய்தது. அவர் ஒரு தொண்டு நிறுவனத்தில் வேலை பார்த்தார். நோய் குணமானவர்களிடம் கதை கேட்டு எழுதுவது அவர் வேலை. அதைச் சின்னப் புத்தகமாகப் போடுவார்கள், போர்டு எழுதி வைப்பார்கள், குட்டிப் படம் எடுப்பார்கள். அதைப் பார்த்துவிட்டுப் பயந்து ஒளிந்திருப்பவர்கள் வைத்தியத்துக்கு வருவார்கள் என்பது நம்பிக்கை.

வேறு நிறுவனங்களிலிருந்து வருபவர்கள் பிஸ்கட், ஜூஸ் எல்லாம் கொண்டுவந்து கொடுத்துவிட்டுப் பேச்சை ஆரம்பிப்பார்கள். தீதி ஒரு மிட்டாய்கூடக் கொண்டுவந்ததில்லை. கஞ்சப்பிசினாறி என்று மையத்தில் பேசிக்கொள்வார்கள். ஒரு கிழவர் முகத்துக்கு நேராகவே கேட்டுவிட்டார், உங்கள் ஆபீசில் டீக்குக்கூடத் தருவதில்லையா என்று. தருவார்கள், நான்தான் வாங்குவதில்லை என்றார். பிறகு என் பக்கம் திரும்பித் தமிழில் சொன்னார்: “சாப்பிடக் குடுத்துட்டுக் கேட்டா, யாருங்க மாட்டேன்னு சொல்வாங்க?”

அந்த ஆபீசில் அவருக்கு நல்ல பெயர் இருந்த மாதிரித் தெரியவில்லை. மற்றவர்கள் ஒரு மாதத்தில் கொண்டுவரும் கதைகளை அவர் ஒரு வருஷத்தில்கூடக் கொண்டுபோனதில்லையாம். ஒரு தடவை கேமராவோடு நாலு பேர் வந்தார்கள். ஓர் ஆட்டோக்காரரை நாற்காலியில் உட்காரவைத்துக் கேட்டார்கள். மனைவி பிள்ளையைத் தூக்கிக்கொண்டு பிறந்த வீட்டுக்குப் போனதைச் சொல்லும்போது அந்த மனிதர் உடைந்துவிட்டார். கிட்டே போ, கிட்டே போ என்று வந்தவர்களில் பெரியவர் கையைக் காட்டினார். அப்போது தீதி எழுந்தார். கேமராவுக்கும் ஆட்டோக்காரருக்கும் நடுவில் நடந்துபோய், காற்று அதிகமாக இருக்கிறது என்று சொல்லி ஜன்னலைச் சாத்த ஆரம்பித்தார். வெகுநேரம் சாத்தினார். அந்த ஜன்னலுக்குக் கதவே கிடையாது. ஆட்டோக்காரர் மூக்கைச் சிந்தி, தண்ணீர் குடித்து முடிக்கும்வரை முதுகைக் காட்டிக்கொண்டு அங்கேயே நின்றார்.

அப்புறம் வராந்தாவில் அந்தப் பெரியவர் தீதியை ஆங்கிலத்தில் திட்டுவது கேட்டது. திரும்பி வந்தவர் என் பக்கத்தில் உட்கார்ந்து பென்சிலைச் சீவினார். “அழறப்போ சொல்றதுல பாதி நமக்குச் சொல்றது இல்லைங்க. அதைத் தூக்கிட்டுப் போறது திருட்டு” என்றார். எனக்கு அவரைப் பிடித்துப்போனது அன்றுதான். ஆனால் வீட்டுக்கு வந்து யோசித்தபோது இன்னொன்றும் தோன்றியது. அந்த ஆட்டோக்காரர் படத்தில் வர ஆசைப்பட்டிருக்கலாம். புதுச் சட்டை போட்டுக்கொண்டு வந்திருந்தார். அவரை யாரும் கேட்கவில்லை, தீதியும் சேர்த்து.

ஒரு நாள் இருவரும் ஒரே மெட்ரோவில் வந்தோம். பெட்டிக்குள் ஒரு விளம்பரம். ஏதோ கொடுமையிலிருந்து தப்பித்த பெண் என்று போட்டு, ஒரு சின்னப் பெண்ணின் முகத்தைப் பெரிதாகப் போட்டிருந்தார்கள். தீதி ராஜீவ் சௌக் வரும்வரை அதையே பார்த்துக்கொண்டிருந்தார். “இதை ஒட்டின அன்னைக்கு இந்தப் பொண்ணு எப்படி வீட்டுக்குப் போயிருப்பா?” என்றார். பஸ்ஸில்தான் போயிருப்பாள் என்று நினைத்தேன். மெட்ரோவில் போயிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்பது வீட்டுக்கு வந்த பிறகுதான் உறைத்தது.

என் மருந்துக்காலம் முடிந்த அன்று, உங்கள் கதையை எழுதிக்கொள்ளலாமா என்று கேட்டார். சரி என்றேன். என்னால் யாருக்கும் முகத்துக்கு நேரே மாட்டேன் என்று சொல்ல முடியாது, அது ஒன்று. இன்னொன்றும் உண்டு. கதவைச் சாத்திக்கொண்டு கிடந்த நாட்களில், மாவு ஆட்டுகிற ஒருத்திக்கு இது வந்து அவள் எழுந்து நடமாடுகிறாள் என்று யாராவது சொல்லியிருந்தால் நான் பாதிதான் அழுதிருப்பேன். தீதி பென்சிலில் எழுதினார். அந்தப் பார்வை பார்த்தார். “மாத்திரை வாங்கற எடத்துல சொன்ன சரி இது. மாத்திரைக்காகச் சொன்னதாகூட இருக்கும். பத்து நாள் கழிச்சு வேற எங்கயாவது பார்க்கலாம்” என்றார்.

பத்து நாள் கழித்து மயூர் விஹார் மெட்ரோ ஸ்டேஷன் பெஞ்சில் இரண்டாவது முறை கேட்டார். திரும்பவும் சரி என்றேன். அதற்கும் பென்சில்தான். மூன்றாவது முறை, எழுதியதை வாய்விட்டுப் படிப்பார். நம்மோடு உட்கார்ந்து சாப்பிடுகிற ஓர் ஆள் பக்கத்தில் இருந்து கேட்க வேண்டும். அது அவர் வைத்திருந்த முறை. என் வீட்டுக்காரர் ஒரு ஞாயிற்றுக்கிழமை பூங்காவுக்கு வந்தார். மூன்று தடவை கேட்கிற விஷயம் தெரிந்ததும் அவருக்குச் சிரிப்பு.

“நம்ம கல்யாணத்துக்கே உன்னை ஒரு தடவைதான் கேட்டாங்க” என்றார் என்னிடம்.

“ஒரு தடவைகூடக் கேட்கல” என்றேன். தீதி என்னை நிமிர்ந்து பார்த்தார். நான் அப்படிப் பேசி அவர் கேட்டதில்லை.

அன்று அவர் தன் இன்னொரு முறையையும் சொன்னார். ஓர் ஆளைப் பற்றி மூன்று விவரம் சேர்ந்தால் அவர் யாரென்று தெரிந்துவிடும். தமிழ்க்காரி, மாவு ஆட்டுகிறவள், மயூர் விஹார் ஃப்ளாட்டுக்குக் கொடுக்கிறவள். மூன்றும் இருந்தால் நான்தான். அதனால் ஒன்றை மட்டும் வைத்துக்கொண்டு இரண்டை மாற்ற வேண்டும். ஃப்ளாட் இருக்கட்டும், சமைத்துக் கொடுக்கிற கை என்பதுதான் இந்தக் கதையின் உயிர், அதனால் சாப்பிடுகிற பொருளாகவும் இருக்க வேண்டும் என்றார். பென்சிலைக் கன்னத்தில் தட்டி யோசித்தார். தமிழை எடுத்தார். மாவை எடுத்தார். ஊறுகாய் என்று வைத்தார்.

“எனக்கு ஊறுகாயே போடத் தெரியாதுங்க” என்றேன்.

“ரொம்ப நல்லது” என்றார். பிறகு, எல்லாவற்றையும் சந்தேகப்படுகிற ஆளாயிற்றே, கேட்டார்: “அந்த ஃப்ளாட்ஸ் பக்கம் ஊறுகாய் விக்கிறவங்க யாராவது இருக்காங்களா?”

“இல்லீங்க.”

அவர் பையிலிருந்து பேனாவை எடுத்தார்.

இருந்தார்கள். ஒருத்தர் இருந்தார். பீகார் பக்கத்திலிருந்து வந்தவர், புருஷன் இல்லாதவர், எலுமிச்சை ஊறுகாயும் மிளகாய் ஊறுகாயும் வீடு வீடாகக் கொடுப்பவர். வாரத்தில் இரண்டு நாள் அதே கேட்டில் காவலாளியின் நோட்டில் எனக்கு முன்னாலோ பின்னாலோ அவர் கைநாட்டு இருக்கும். என்னை மதராஸி பெஹன், மதராஸிச் சகோதரி, என்பார். ஒரு முறை சின்னச் சீசாவில் எலுமிச்சை ஊறுகாய் கொடுத்து, உன் இட்லிக்கு வைத்துச் சாப்பிடு என்றார். அந்தச் சீசா அப்போதும் என் அடுக்களையில் இருந்தது.

ஏன் இல்லை என்றேன்? இருக்கிறார்கள் என்றால் வேறு ஒன்று யோசிக்க வேண்டும், இன்னொரு ஞாயிறு வர வேண்டும், வீட்டுக்காரர் முணுமுணுப்பார். இவ்வளவு நேரம் என்னைப் பற்றியே பேசிக்கொண்டிருந்தது எனக்குக் கூச்சமாக இருந்தது, சீக்கிரம் முடிந்தால் போதும் என்றிருந்தது. இப்படித்தான் ரொம்ப நாள் எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். ஊறுகாய் என்றால் யாரும் மாவின் பக்கம் திரும்பமாட்டார்கள் என்று அந்த நொடியில் ஒரு கணக்குப் போட்டேனா? போடவில்லை என்று அடித்துச் சொல்ல முடியவில்லை.

புத்தகம் வந்தது. கையகலம்தான், இந்தியிலும் தமிழிலுமாக. அழகாக எழுதியிருந்தார். கிழக்கு டெல்லியில் ஃப்ளாட்டுகளுக்கு ஊறுகாய் கொடுக்கும் ஒரு பெண், நோய் வந்து, மறைத்து, மருந்து சாப்பிட்டுக் குணமாகி, மறுபடியும் அதே வீடுகளுக்குப் போகிறாள். அவள் கையால் சாப்பிட்ட யாருக்கும் எதுவும் வரவில்லை. நான் நாலைந்து தடவை படித்தேன். கடைசி வரியில் எனக்கே கண் கலங்கியது.

யாரோ அந்தப் பக்கத்தைப் போட்டோ எடுத்து ஃப்ளாட்காரர்களின் வாட்ஸ்அப்பில் போட்டிருக்கிறார்கள். நல்ல எண்ணத்தில்தான் போட்டிருப்பார்கள். எனக்கு அது நாலாவது மாடியில்தான் தெரிந்தது. மாமி மாவுப் பாத்திரத்தை வாங்கிக்கொண்டே குரலைத் தாழ்த்தினார்.

“அந்த ஊறுகாய்க்காரிக்கு டிபியாமே. புஸ்தகத்துலயே போட்டுட்டா. மறைச்சு மறைச்சு நமக்கெல்லாம் குடுத்திருக்கா பாரேன். இருந்ததையெல்லாம் குப்பையில கொட்டிட்டேன். நீயா இருக்கக்கொண்டு நம்பி வாங்கறேன்மா, உன்னை மாதிரிச் சுத்தம் யாருக்கு வரும்.”

நான் படியில் இறங்கினேன். எந்த மாடியில் என்ன பேசினேன் என்று நினைவில்லை. கேட்டில் ஊறுகாய்க்காரம்மா காவலாளியோடு வாதாடிக்கொண்டிருந்தார். உள்ளே விடக்கூடாது என்று செக்ரட்டரி சொல்லியிருக்கிறாராம். எதற்கு என்று யாரும் அவருக்குச் சொல்லவில்லை. என்னைப் பார்த்ததும், நீயாவது சொல் பெஹன், நான் என்ன திருடியா என்றார். நான் காலிப் பாத்திரங்களைத் தூக்கிக்கொண்டு, அவசரம் இருக்கிற மாதிரி நடந்தேன்.

இரண்டு நாளில் தீதி எங்கள் வீட்டுக்கு வந்தார். அதற்கு முன் வந்ததே இல்லை. வீட்டுக்கு வந்து கேட்டால் யாரும் மறுக்கமாட்டார்கள் என்பதால் வாசல் மிதிப்பதில்லை என்று வைத்திருந்தார். புத்தகத்தின் பின்னால் இருந்த நம்பருக்கு செக்ரட்டரி கூப்பிட்டு, எங்கள் ஊறுகாய்க்காரிதானே அது என்று கேட்டிருக்கிறார். தீதி நின்றுகொண்டே பேசினார்.

“அங்க ஊறுகாய் விக்கிறவங்க இருக்காங்க.”

நான் தரையைப் பார்த்தேன்.

“நான் கேட்டேன். இல்லைன்னீங்க.” குரல் உயரவில்லை. பிறகு, “ஒரு தடவைதான் கேட்டேன். தப்பு என்னோடது” என்றார்.

அது ஆறுதலா குற்றச்சாட்டா என்று இன்றுவரை எனக்குத் தெரியவில்லை. அப்போதுதான் எனக்கு ஒன்று புரிந்தது. சரி என்றால் மூன்று முறை சோதிப்பவர், இல்லை என்றால் முதல் தடவையே ஏற்றுக்கொள்வார். தமிழ் தெரியாது என்று நான் புளுகியபோதும் அப்படித்தான் ஏற்றுக்கொண்டார். வேண்டாம், இல்லை என்கிறவரைத் துருவக்கூடாது என்று அவர் பழகிக்கொண்ட பழக்கம். அந்தப் பழக்கத்தில் புகுந்துதான் நான் தப்பித்திருக்கிறேன்.

எனக்கு அழுகை வந்துவிட்டது. “நான்தான்னு போய்ச் சொல்லிடுங்க” என்றேன்.

அவர் பையைத் திறந்தார். பென்சிலை எடுத்தார். என் வாழ்க்கையில் எந்தப் பொருளையும் பார்த்து அப்படி அதிர்ந்ததில்லை. நான் சொன்னதை எழுதிக்கொண்டார். “அடுத்த வியாழக்கிழமை ஸ்டேஷன்ல பார்க்கலாம்.”

“அதுக்குள்ள அவங்க பொழப்பு போயிடுமேங்க.”

“அழுதுக்கிட்டே சொன்னதைத் தூக்கிட்டுப் போய் என்னால யார்கிட்டயும் சொல்ல முடியாதுங்க” என்றார். செருப்பைப் போட்டுக்கொண்டு நேராக ஃப்ளாட்டுக்குத்தான் போனார். நடந்தது மாமி வாயிலாகத்தான் என் காதுக்கு வந்தது. ஊறுகாய்க்காரி இல்லை அது என்று செக்ரட்டரியிடம் சொல்லியிருக்கிறார். அப்போது யார் என்று அவர் கேட்டதற்குச் சொல்ல மாட்டேன் என்றிருக்கிறார். “ஆபீஸ்லேர்ந்து ஒருத்தி மெனக்கெட்டு வந்து இல்லைன்னு சொன்னாளாம். இல்லாட்டா எதுக்கு வந்து சொல்லணும்?” என்றார் மாமி. மிச்சம் இருந்த இரண்டு மூன்று வீடுகளும் அதோடு ஊறுகாய் வாங்குவதை நிறுத்திவிட்டன.

புத்தகங்களை தீதி ஒவ்வோர் இடமாகப் போய்த் திரும்ப வாங்கினார் என்று மையத்தில் சொன்னார்கள். போன்களில் போனதை எங்கே போய்த் திரும்ப வாங்குவது?

வியாழக்கிழமை வந்தது. அந்த ஒரு வாரத்தில் என் அழுகை வற்றிவிட்டது. பெண்ணுக்குக் கல்லூரியில் சேரும் நேரம். கிரைண்டர் புதிதாக வாங்கியிருந்தோம். ஸ்டேஷன் பெஞ்சில் அவர் பக்கத்தில் உட்கார்ந்து, தண்டவாளத்தைப் பார்த்துக்கொண்டு, “வேண்டாங்க” என்றேன்.

அவர் திரும்பக் கேட்கவில்லை. முகத்தைப் பார்க்கவில்லை. ஃபைலை மடியில் விரித்து, ரப்பரால் அந்த வரியை அழித்தார். தாள் கிழியாமல், பொறுமையாக, கடைசி எழுத்துவரை. துகளை ஊதிவிட்டார். “சரி” என்றார். அவர் வாயிலிருந்து அந்தச் சொல் வந்து நான் கேட்டது அப்போதுதான். வண்டி வந்ததும் ஏறிப் போய்விட்டார்.

நான் வேண்டாம் என்றுதான் சொல்வேன் என்று தெரிந்தே அந்த ஒரு வாரத்தைக் கொடுத்தாரா? என்னைக் காப்பாற்றவா, தன் முறையைக் காப்பாற்றவா? அல்லது, நான் இன்னொரு முறை சரி என்பேன் என்று எதிர்பார்த்து வந்து ஏமாந்து போனாரா? ஒரு வருஷம் ஒன்றைச் சந்தேகப்படுவேன், அடுத்த வருஷம் இன்னொன்றை. அன்று வீட்டிலிருந்தே அவர் என் அழுகையைத் தூக்கிக்கொண்டு ஓடியிருந்தால் ஊறுகாய்க்காரம்மா பிழைத்திருப்பார், நான் விழுந்திருப்பேன், அவரைக் காலம் முழுவதும் திட்டிக்கொண்டிருப்பேன். அவர் அப்படிச் செய்யவில்லை. அதற்காக அவரைத் திட்டவும் முடியவில்லை, கும்பிடவும் முடியவில்லை.

சில மாதம் கழித்து எக்ஸ்ரே எடுக்கப் போனபோது அவர் நாற்காலியில் ஒரு சின்னப் பெண் இருந்தாள். தீதி வேலையை விட்டுவிட்டாராம். எங்கே போனார் என்று தெரியவில்லை. “ஆன்ட்டி, ஒரே நிமிஷம், உங்க ஸ்டோரி சொல்லுங்க” என்று அந்தப் பெண் போனைத் தூக்கிப் பிடித்தாள். இன்னொரு கையில் எனக்காக ஜூஸ் வைத்திருந்தாள். நல்ல பெண். நான் வேண்டாம் என்றேன். ப்ளீஸ் ஆன்ட்டி என்றாள். வேண்டாம் என்று மறுபடியும் சொல்ல வேண்டியிருந்தது.

போன மாதம், எங்கள் பக்கம் கூடும் செவ்வாய்க்கிழமைச் சந்தையில் ஒரு தள்ளுவண்டியில் ஊறுகாய் ஜாடிகளைப் பார்த்தேன். அவரேதான். தலை முழுக்க நரைத்திருந்தது. என்னை அடையாளம் தெரிந்துகொண்டார். அங்கேயே, ஜாடிகளுக்கு முன்னால் நின்று, என் உடைந்த இந்தியில் எல்லாவற்றையும் சொன்னேன். அது நான்தான் என்றும், இல்லை என்று சொன்னது நான்தான் என்றும். அவர் ஒரு ஜாடியின் வாயில் துணியைக் கட்டிக்கொண்டே கேட்டார். கட்டி முடித்துவிட்டு, “இன்னும் அங்கேதான் மாவு கொடுக்கிறாயா?” என்றார். ஆமாம் என்றேன். இதை எழுதப் போகிறேன், எழுதலாமா என்று கேட்டேன். எழுதிக்கோ, எழுதிக்கோ என்று கையை வீசினார். வியாபார நேரத்தில் ஆளை அனுப்புவதற்குச் சொல்கிற சரி அது.

பத்து நாள் கழித்து, சந்தை இல்லாத நாளில், பஸ் நிறுத்தத்தில் காத்திருந்து கேட்டேன். ஒரு பஸ்ஸை விட்டுவிட்டு அடுத்த பஸ்ஸுக்குள் ஏறும் முன் சொன்னார். ஊறுகாய் என்றே எழுது, எலுமிச்சை ஊறுகாய் என்று எழுது, வேறு எதையாவது போட்டுவிடாதே, அது இன்னொருத்தி தலையில் விழும். எழுதியதை அந்த ஃப்ளாட்டில் உன் கையால் சாப்பிடுகிறவர்களுக்குப் படித்துக் காட்டு. அதற்குப் பிறகு வந்து என்னைக் கேள்.

அதனால் இதில் மாவு மாவாகவே இருக்கிறது, ஊறுகாய் ஊறுகாயாகவே இருக்கிறது. தீதியைப் பற்றி மட்டும் இரண்டொன்றை மாற்றியிருக்கிறேன், ஏனென்றால் அவரைத் தேடிப் பிடித்துக் கேட்க முடியவில்லை. மாற்றுவதற்கு முன், நான் மாற்றியபடி வேறு யாராவது இருக்கிறாரா என்று மூன்று இடங்களில் விசாரித்தேன். இல்லை என்றார்கள். மறுபடியும் விசாரித்தேன்.

எல்லாவற்றையும் பென்சிலில்தான் எழுதியிருக்கிறேன். நாளைக் காலை இந்தத் தாள்களையும் எடுத்துக்கொண்டு நாலாவது மாடிக்குப் போகிறேன். மாமி கதவைத் திறந்ததும் வழக்கம்போலப் பாத்திரத்தை நீட்டுவார். மாவை முதலில் கொடுக்கமாட்டேன்.